என் முன்சீட்டும் ரெண்டு அயர்லாந்துக்காரகளும்

அன்னைக்குப் பல்லுவலி மட்டும் வராம இருந்திருந்தா எல்லாமே வேற மாதிரிப் போயிருக்கும். நல்ல பல்லுகூடக் கெடையாது, ஆடிக்கிட்டுக் கெடந்த கடவாப்பல்லு. நானே நூலக் கட்டி இழுத்திருக்கலாம். பயந்துக்கிட்டு வீட்டுல படுத்துட்டேன். நான் ஜீப்புல ஏறாத அந்த ஒரு நா பாத்துத்தான் அவுக ரெண்டு பேரும் ஏறுனாக.

எஞ் சேக்காளி கம்பத்துல ஜீப்பு ஓட்டுறவென். வெள்ளன ஏலத்தோட்டத்துக்குப் போற பொம்பளையாளுகள ஏத்திக்கிட்டுக் குமுளி மலை ஏறுவான், பொழுதுசாயக் கொண்டாந்து எறக்குவான். நான் திராட்சப் பந்தல்ல கவாத்து வெட்டுனவென். முட்டி போனதுக்கப்புறம் எனக்கு வேல இல்ல. அதனால அவெங்கூடச் சும்மா போவேன், சும்மா வருவேன். முன்சீட்டுல கதவோரம் என் எடம். அங்கன ஒரு சாக்க மடிச்சுப் போட்டு வச்சிருக்கேன், என் அளவுக்குப் பள்ளம் விழுந்து கெடக்கும். ஒருக்கா அவென் மச்சினன், பட்டாளத்துல இருந்து லீவுக்கு வந்தவென், அதுல ஒக்காந்துட்டான். "அது ஆளு இருக்கிற எடம், பின்னாடி போங்க"ன்னு சேக்காளியே எழுப்பி விட்டான். மச்சினன் கோவிச்சுக்கிட்டு பஸ்சுல போயிட்டான். அத நெனச்சு நெனச்சு நான் ரொம்ப நாளு சந்தோசப்பட்டிருக்கேன்.

அன்னைக்குச் சாயங்காலம் ஜீப்பு சத்தம் கேட்டு வாசலுக்கு வந்தா, என் சாக்கு மேல ஒரு வெள்ளக்காரரு. அவருக்கும் சேக்காளிக்கும் நடுவுல இன்னொருத்தரு. ஒருத்தரு நெட்ட, ஒருத்தரு குட்ட. எங்க வயசுதான் இருக்கும்.

"மாப்ள, அயர்லாந்து!"ங்கிறான், தான் பெத்தெடுத்த மாதிரி.

"இங்கிலீஸ்காரகளா?"

"சத்தமாக் கேக்காத. அப்பிடிச் சொன்னா அவுகளுக்குக் கோவம் பொத்துக்கிட்டு வருது. நானே கேட்டு வாங்கிக் கட்டிக்கிட்டேன்."

விசயம் என்னன்னா, குட்டையர அவரு மகளும் மருமகனும் முதியோர் இல்லத்துல கொண்டுபோயி விட்டுட்டாக. நெட்டையரு அவருக்குச் சின்ன வயசுச் சேக்காளி. டீ குடிச்சிட்டு வருவோம்னு சொல்லி வெளிய கூட்டியாந்து, நேரா ஏரோப்ளேன்ல ஏத்திட்டாரு. டீக்குக் கெளம்புன மனுசன் கொச்சியில போயி எறங்கியிருக்காரு. அதோட வாய மூடிக்கிட்டு இருந்திருக்கலாம். நெட்டையரு குமுளியில யானகூட நின்னு போட்டோ எடுத்து ஊருல இருக்கிற சாராயக்கட ஆளுகளுக்கு அனுப்பிட்டாரு. மருமகன் தேடிக் கெளம்பிட்டாராம். இம்புட்டையும் எங்காளு எஸ்டேட்டுல பொறுக்குன அர இங்கிலீசுலயும் முக்கா மலையாளத்துலயும் கேட்டு வச்சிருந்தான். அவுகளத் தந் தம்பி திராட்சத் தோட்டத்து மோட்டார் ரூமுல ஒளிச்சு வச்சான்.

அடுத்த ரெண்டு நா நான் பட்ட பாடு இருக்கே. மறுநா வெள்ளன பழக்கத்துல முன்கதவத் தொறந்தேன்.

"மாப்ள, நீ பின்னாடி ஏறிக்க. விருந்தாளிக."

பின்னாடி ஏலக்கா எடுக்கப் போற ஆத்தாமாருக நடுவுல, தூக்குவாளியும் கூடையும் முட்டிய இடிக்க, போனேன். ஒரு ஆத்தா, "என்னண்ணே, ஒங்க சீட்ட வெள்ளக்காரன் புடிச்சுட்டானா? இனிமே சுதந்திரத்துக்குப் போராட வேண்டியதுதான்"னாக. ஜீப்பு பூராம் சிரிப்பு. முன்னாடியும் சிரிப்பு. நெட்டையரு என்னமோ சொல்லுறாரு, எங்காளு ஸ்டேரிங்கத் தட்டித் தட்டிச் சிரிக்கிறான். ஒரு வார்த்த புரிஞ்சிருக்காது அவெனுக்கு. நானுந்தான் இத்தன வருசமா அந்தக் கொண்டையூசி வளவுகள்ல எம்புட்டு நையாண்டி பண்ணியிருக்கேன், எதுக்காச்சும் ஸ்டேரிங்கத் தட்டியிருக்கானா?

பந்தல்ல கருப்புத் திராட்சையக் கொல கொலையாத் தின்னாக. என்னையன்னா நீயே உப்புத்தண்ணியில கழுவித் தின்னும்பான், மருந்தடிச்சதும்பான். அவுகளுக்குக் கழுவித் தொடச்சுக் கொடுத்தான். குட்டையரு தன் தட்டத்தொப்பியக் கழட்டி இவெந் தலையில வச்சாரு. தலையில கவுத்து வச்ச தோசக்கல்லு மாதிரி இருந்துச்சு. "எப்பிடி மாப்ள?"ன்னான். பல்லு வலிக்குதுன்னுட்டேன்.

மூணாம் நா நான் ஜீப்புக்கே போகல. டீக்கடையில ஒக்காந்திருந்தேன். எங்காளு ஆத்தாமாருகள மலையில எறக்கிட்டு விருந்தாளிகளோட பந்தலுக்குத் திரும்பியிருந்தான். கேரளா வண்டி ஒண்ணு வந்து நின்னுச்சு, ஏசி காரு. டிரைவரு மலையாளத்தாளு. பின்சீட்டுல ஒரு வெள்ளக்காரத் தம்பி, அந்த மருமகனாத்தான் இருக்கணும், மூஞ்சி தக்காளியாச் செவந்து கெடக்கு. டிரைவரு போன நீட்டுனாரு.

"சேட்டா, இவரக் கண்டீங்களா?"

போட்டோவுல ஜீப்பு முன்னாடி மூணு பேரு, இதையும் நெட்டையரு சாராயக்கடைக்கு அனுப்பியிருப்பாரு. நெட்டையரு, குட்டையரு, நடுவுல தொப்பியோட எங்காளு, தோள்ல கை போட்டுக்கிட்டு. எங்கூட ஒரு நாளாச்சும் அவென் அப்பிடிப் போட்டோ எடுத்திருக்கானா? வயிறு எரிஞ்சுச்சு. டீக்கடையில இருந்து பாத்தா அந்தப் பந்தலு தெரியும். கைய நீட்டுனாப் போதும், பொழுதுசாய என் சாக்கு எனக்குத் திரும்பிரும்.

"எதுக்குத் தேடுறீக?"ன்னேன்.

"பாவம், இவரு மாமனாரு நல்ல மனுசன். இந்தப் பொக்கமுள்ள, ஒசரமான ஆளாணு கெடுத்தது. இல்லத்துக்குத் திருப்பிக் கொண்டுபோயிட்டா இனி ரெண்டு பேரும் காண வழியில்ல. மகளு அப்பிடிச் சொல்லியாச்சு."

எனக்குப் பொறாமையில பாதி அப்பயே திச மாறிப்போச்சு. எம் மகன் திருப்பூருக்கு வா வான்னு கூப்புடுறான். அங்கன மாடி வீடு, வெளிக்கதவுல பூட்டு. அதுக்குள்ள வச்சு என்னையப் பூட்டுனா, டீ குடிக்கப் போவோம்னு எவென் வந்து கூட்டிட்டுப் போவான்? குட்டையருக்கு ஒருத்தரு இருக்காரு. எனக்கு?

"வைகை அணைக்குப் போகணும்னு பேசிக்கிட்டாக. வழி ஒங்களுக்குத் தெரியாது, நான் வாரேன்"னு சொல்லி முன்சீட்டுல ஏறி ஒக்காந்துக்கிட்டேன். ஏறிக்கிட்டே டீக்கடைக்காரருகிட்ட, "எஞ் சேக்காளிகிட்டச் சொல்லுய்யா, மோட்டார் ரூமுல கட்டியிருக்கிற ரெண்டு மாட்டையும் இப்பயே மலைக்கு ஓட்டிறச் சொல்லு. மாட்டுக்காரக தேடி வந்துட்டாக"ன்னேன். அவரு ஒரு பார்வை பாத்தாரு. பாய்லர அப்பிடியே விட்டுட்டு ஓடுனாரு.

சின்னமனூர்ல வட தின்னோம். ஏசிக் காத்து மூஞ்சியிலயே ஜில்லுன்னு அடிச்சுச்சு. அணையில அவரப் பாலத்துல அங்கிட்டும் இங்கிட்டும் நடக்க விட்டேன். பொரிச்ச மீனு வாங்கிக் கொடுத்தாரு மருமகன். தின்னுட்டுக் கண்ணுல தண்ணி விட்டாரு, காரமா கவலையான்னு தெரியல. பிள்ளைக போட்டோவெல்லாம் காட்டுனாரு. கெட்டவரு இல்ல. எனக்கு மீன்முள்ளு குத்தி அந்தக் கடவாப்பல்லு அங்கனயே விழுந்துச்சு.

பொழுதுசாய வந்தா எங்காளு தொப்பியோட ஒக்காந்திருக்கான். கண்ணு செவந்து கெடக்கு.

"மலைக்கு அந்தப்பக்கம் பஸ் ஏத்தி விட்டேன் மாப்ள. என்னையக் கட்டிப் புடிச்சு அழுதாக."

எனக்கு மறுபடியும் பத்திக்கிட்டு வந்துச்சு. "நான் ஏசி கார்ல போனேன்"னேன்.

"எந்தச் சீட்டு?"

"முன்சீட்டு. பொரிச்ச மீனு தின்னேன்."

"எனக்கு வாங்கியாந்தியா?"

"இல்ல."

மறுநா என் சாக்குல ஒக்காந்தேன். பள்ளம் மாறிப்போயிருந்துச்சு, நெட்டையரு அளவுக்கு. இப்பயும் அவுக எங்கெங்கயோ இருந்து அவென் போனுக்குப் போட்டோ அனுப்புறாக. எனக்குக் காட்டுவான். வெயில்ல ஒண்ணும் தெரியலன்னுருவேன்.

போன வாரம் மலை ஏறுறப்ப கேட்டேன். "என்னையத் திருப்பூர்ல வச்சுப் பூட்டுனா வருவியாடா?"

"ஜீப்பு அம்புட்டுத் தூரம் தாங்காது"ன்னான்.

நான் வெளிய பாத்துக்கிட்டு வந்தேன். ரெண்டு மூணு வளவு போச்சு. தொப்பிய மேல தள்ளிக்கிட்டு, எதுக்க வந்த லாரிக்கு ஒதுங்கி நிறுத்துனான்.

"பஸ்சுல வாரேன்."

"தொப்பியக் கழட்டி வச்சுட்டு வா"ன்னேன்.