மேடத்துக்குத் தமிழ் தெரியாது

விவேக் நகரில் ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் யூகேஜி பிள்ளைகளுக்கு நான் இங்கிலீஷ் சொல்லிக்கொடுக்கிறேன். எனக்கு அதைச் சொல்லிக்கொடுத்தது யார் என்று மட்டும் தயவுசெய்து கேட்காதீர்கள். ஆம்பூரில் தமிழ் மீடியம் படித்து, கல்யாணமாகி அடுகோடிக்கு வந்து, தபாலில் ஒரு டிகிரி வாங்கியவள் நான். வகுப்புக்குள் இங்கிலீஷ் தவிர வேறு எதுவும் பேசக்கூடாது என்பது பிரின்சிபால் மேடம் போட்ட சட்டம். நாய் வேஷம் போட்டால் குரைத்துத்தான் ஆக வேண்டும். காலையில் பிரேயர் முடிந்ததிலிருந்து மத்தியானம் மணி அடிக்கும்வரை குரைத்துக்கொண்டிருக்கிறேன்.

பிள்ளைகள் வீட்டில் பேசுவது தமிழ், கன்னடம், உருது, தெலுங்கு. போன வருஷம் ஒடியா பேசும் ஒரு பையனும் சேர்ந்தான். சட்டம் சுவரில் ஒட்டியிருக்கும். ஒண்ணுக்கு முட்டிக்கொண்டு வரும்போது எந்தப் பிள்ளையும் சுவரைப் பார்ப்பதில்லை. அவசரம் தாய்மொழியில்தான் வரும். நான் சார்ட்டைக் காட்டி ஐ ஃபார் இக்ளூ என்பேன். அந்தப் பனிக்கட்டி வீட்டைப் பார்த்து ஒரு வாண்டு, உள்ளே மீன் வைத்திருக்கிறார்களா என்று கேட்டது. ஐஸ் கட்டியை அது மீன்கடையில்தான் பார்த்திருக்கிறது. நான் அதைவிட மோசம், இக்ளூவையே சார்ட்டில்தான் பார்த்திருக்கிறேன்.

மேடத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். அவர் தங்கவயல் பக்கத்துத் தமிழச்சி. ஆனால் பள்ளிக்கூடத்துக்குள் அவர் வாயிலிருந்து ஒரு தமிழ் வார்த்தை வந்து பிள்ளைகள் கேட்டது கிடையாது. ஆபீஸ் ரூம் கதவைச் சாத்திக்கொண்டு மீன்காரரிடம் போனில் சண்டை போடும்போது மட்டும் தமிழ் பொங்கி வழியும். டீச்சர்கள் நாங்கள் வெளியில் நின்று ரசிப்போம்.

என் வகுப்பில் ஒரு பெண் பிள்ளை இருந்தாள். இரட்டைச் சடை, எண்ணெய் வழியும் முகம், எப்போதும் ஒரு கால் சாக்ஸ் கீழே இறங்கியிருக்கும். தமிழில் வெளுத்து வாங்குவாள். கன்னடம் தண்ணீர் பட்ட பாடு. பக்கத்து வீட்டிலிருந்து உருதும் பிடித்துக்கொண்டவள். யாராவது அழுதால் என்னவென்று விசாரித்து எனக்குத் தமிழில் ரிப்போர்ட் கொடுப்பது அவள்தான். ஆனால் இங்கிலீஷ் என்றால் மட்டும் வாயைத் திறக்கமாட்டாள். வாட் இஸ் யுவர் நேம் என்று கேட்டால், இந்த மிஸ்ஸுக்கு என்ன ஆயிற்று என்பதுபோல என்னைப் பாவமாகப் பார்ப்பாள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒருநாள் டிபனைச் சிந்தாமல் சாப்பிட்டாளே என்று குட் கேர்ள் சொல்லி, கையில் ஒரு நட்சத்திர ஸ்டிக்கர் ஒட்டினேன். முகம் சுருங்கிப்போய் அதைப் பிய்த்து டெஸ்க்கில் ஒட்டிவிட்டாள். அவ்வளவு திமிர் என்று நினைத்துக்கொண்டேன்.

மார்ச்சில் மேடம் ஒவ்வொரு பிள்ளையாக ரூமுக்குக் கூப்பிட்டு இங்கிலீஷில் பேசவைத்துப் பார்ப்பார். வாய் திறக்காத பிள்ளைக்கு ஒண்ணாம் வகுப்பு கிடையாது, மறுபடியும் யூகேஜி. இதைச் சொல்ல அவள் அம்மாவை வரச்சொன்னேன். அந்த அம்மா அடுகோடியில் ஒரு அப்பார்ட்மெண்டில் சமையலும் வீட்டு வேலையும் பார்ப்பவர். அவர் வீட்டுக்காரருக்குப் பொம்மசந்திராவில் கம்பெனி வேலை.

"மிஸ், இந்த வருசம் இது பாஸ் ஆவலன்னா அவரு ஊருக்கு அனுப்பிடுவாரு. திருப்பத்தூர்ல அவரு அக்கா வீட்ல வுட்டுடறேன்னு சொல்லிட்டாரு. சும்னே இங்க எதுக்கு இங்கிலீஷ் ஸ்கூலுன்னு கேக்கறாரு" என்றார். சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். "நான் பக்கத்துல இல்லன்னா இது தூங்காது மிஸ். எனக்கும் அப்படித்தான்."

அன்றைக்கு எனக்கு வந்த கோபத்தில் அந்த அப்பாவைத் திட்டினேன், மேடத்தைத் திட்டினேன், கப்பல் ஏறி வந்த வெள்ளைக்காரன்வரை யாரையும் விடவில்லை. எல்லாம் மனசுக்குள்தான். அடுத்த நாளிலிருந்து அவளைத் தனியாக உட்காரவைத்துப் படாத பாடு பட்டேன். கிணற்றில் போட்ட கல்தான்.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம் மாவு மில்லில் கோதுமையைக் கொடுத்துவிட்டு வெளியே நின்றிருந்தேன். எதிர்ப்பக்கம் அந்த அம்மா ஒரு நாயை நடத்திக்கொண்டு வந்தார். கன்றுக்குட்டி அளவு, பொன்னிற முடி, வேலை செய்யும் வீட்டு நாய். கூடவே என் மாணவி. கறிக்கடை வாசலில் நாய் ஒரு எலும்பைக் கவ்வியது.

"நோ! ட்ராப் இட். ஐ செட் ட்ராப் இட்!"

சத்தியமாக அவள்தான். நாய் எலும்பைப் போட்டது. "சிட். வெயிட், ஆட்டோ இஸ் கமிங். டோன்ட் பி ஸ்கேர்ட், பேபி. குட் கேர்ள்!" நான் அப்படியே நின்றுவிட்டேன். அந்த உச்சரிப்பு எனக்கே வராது.

ரோட்டைத் தாண்டி ஓடினேன். "ஏய், இவ்ளோ இங்கிலீஷ் தெரியுமா உனக்கு? அப்புறம் ஏன்டி என்கிட்ட பேச மாட்டேங்கற?"

"இதுக்குத் தமிழ் தெரியாதுல்ல மிஸ்" என்று நாயின் தலையைத் தடவினாள். "உங்களுக்குத்தான் தெரியுமே."

மீதியை அம்மா சொன்னார். அவர் வேலை செய்யும் வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் பேசிக்கொள்வது தெலுங்கு. வாட்ச்மேனிடம் கன்னடம், இவரிடம் அரைகுறை ஹிந்தி. இங்கிலீஷ் முழுக்க முழுக்க நாய்க்கு. பள்ளிக்கூடம் விட்டதும் அம்மாவின் வேலை முடியும்வரை பிள்ளை அங்கேதான் இருக்கும்.

"ஒருநாள் எங்க வீட்டுக்காரர பாத்து 'சிட்'னு சொல்லிடுச்சு மிஸ். பெரியவங்ககிட்ட அந்த பாஷையில பேசினா அடிப்பேன்னு நான்தான் மிரட்டி வச்சேன்."

மாவுத் தூக்கை இடுப்பில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன். கம். சிட். ஸ்டாண்ட் அப். டோன்ட் டச். வெயிட். ஷேக் ஹேண்ட். குட் கேர்ள். ஜூனிலிருந்து நான் நடத்திய பாடம் முழுக்க இதுதான். நாய் பழக்குவதற்கும் என் சிலபஸுக்கும் ஒரு வித்தியாசம் இல்லை. நாய்க்காவது பிஸ்கட் கொடுப்பார்கள். நடுரோட்டில் தனியாகச் சிரித்தேன். கொஞ்ச தூரம் போனதும் சிரிப்பு நின்றுவிட்டது. பாவம், அந்தப் பிள்ளை ஒரு வருஷமாக எனக்கு மரியாதை கொடுத்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

மேடம் கூப்பிடும் நாள் வந்தது. அந்த அம்மா லீவு போட்டுவிட்டு காலையிலிருந்தே கேட் பக்கத்தில் நின்றார். கூட்டிக்கொண்டு போகும்போது வராந்தாவில் குனிந்து அவள் காதில் சொன்னேன்.

"இதோ பாரு, மேடத்துக்குத் தமிழ் தெரியாது. கன்னடம் தெரியாது. உருதும் தெரியாது. பாவம், இங்கிலீஷ் மட்டும்தான். நீ பேசலன்னா அவங்களுக்கு யாருமே இல்ல."

அவள் கண் விரிந்தது. "அச்சோ" என்றாள்.

ரூமுக்குள் மேடம் பீரோ பக்கத்தில் நின்று எதையோ தேடிக்கொண்டிருந்தார். வாட் இஸ் யுவர் நேம் என்று அவர் கேட்பதற்குள் இவள் நேராகப் போய் நாற்காலியைத் தட்டினாள். "கம். கம், கம். சிட்." மேடம் என்ன நினைத்தாரோ, வந்து உட்கார்ந்தார். "குட்! ஷேக் ஹேண்ட்." மேடம் கை நீட்டினார். "வெரி குட்! ஆர் யூ ஹங்க்ரி? டிரிங்க் வாட்டர். ஸ்லோலி, ஸ்லோலி." மேஜையிலிருந்த பாட்டிலை அவர் பக்கம் நகர்த்தி, முழங்கையைத் தடவிக்கொடுத்தாள். "டோன்ட் பி ஸ்கேர்ட். ஐ ஆம் ஹியர்."

மேடத்தைப் பள்ளிக்கூடத்தில் யாரும் இப்படித் தடவிக்கொடுத்திருக்கமாட்டார்கள். வீட்டில் எப்படியோ தெரியாது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இவள் பெயருக்கு நேராக டிக் போட்டார். அதோடு விட்டிருக்கலாம். சந்தோஷத்தில் மேடத்துக்கு வாய் தவறிவிட்டது.

"அடி சக்கை! யாருடி உனக்கு இவ்ளோ சொல்லிக்குடுத்தது?"

பிள்ளையின் முகம் வெளுத்துவிட்டது. "மிஸ், மேடத்துக்குத் தமிழ் தெரியும்!" என்று என் புடவைக்குப் பின்னால் வந்து ஒளிந்துகொண்டாள். அங்கிருந்தே அழுகையோடு சொன்னாள். "தெரியாதுன்னு மிஸ்தான் சொன்னாங்க மேடம். அதான் உங்கள அப்டி பேசிட்டேன். அம்மாகிட்ட சொல்லாதீங்க."

மேடம் என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன். "சொல்லல கண்ணு, அழாத" என்றார் மேடம், கதவு திறந்திருக்கும்போதே, தமிழில். வராந்தாவில் நின்ற பிள்ளைகள் அத்தனையும் எட்டிப் பார்த்தன.

கேட்டில் அந்த அம்மா கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். பாஸ் என்றேன். அவ்வளவுதான், தரையில் உட்கார்ந்து பிள்ளையை இறுக்கிக் கட்டிக்கொண்டார். இங்கிலீஷ் பள்ளிக்கூடம், பெரிய நாள், மிஸ் வேறு பக்கத்தில் நிற்கிறார். தனக்குத் தெரிந்ததில் நல்ல வார்த்தையாகத் தேடி எடுத்துச் சொன்னார்.

"குட் கேர்ள்!"

நானும் அதையே சொல்லத்தான் வாயைத் திறந்திருந்தேன். பிள்ளை விலகி நின்று அம்மாவை முறைத்தாள்.

"நான் என்ன நாயாம்மா?"

"இல்லடி. இல்லடி என் ராசாத்தி" என்று அந்த அம்மா அவளை மறுபடியும் இழுத்துக்கொண்டார். நான் வாயை மூடிக்கொண்டு, கீழே இறங்கியிருந்த சாக்ஸை இழுத்துவிட்டேன்.