கொட்டாஞ்சேனையில் ஒரு ஸ்கான்

கொழும்பில் நாங்கள் இருக்கிற வெள்ளவத்தையில் நடந்து போகிற தூரத்திலேயே ஸ்கான் எடுக்கிற இடங்கள் இருக்க, அம்மா என்னை நகரத்தின் மறுகோடியில் இருக்கிற கொட்டாஞ்சேனைக்கு இழுத்துக்கொண்டு போனார். காரணம், சனம். வெள்ளவத்தையில் பெண்நோய் டொக்டரின் வாசலில் கலியாணம் கட்டாத ஒருத்தி குந்தியிருந்தால், அவள் வீடு திரும்புவதற்குள் கனடாவில் ரொறன்ரோவுக்குச் செய்தி போய்விடும். அங்கேதான் எனக்கு ஒரு மாப்பிள்ளை பேசிக்கொண்டிருந்தார்கள். அவருடைய முகத்தை நான் ஃபோனில் பார்த்ததோடு சரி. எனக்கு வயது நாற்பத்தொன்று.

பல மாதங்களாக இரத்தம் கண்டபடி போய்க்கொண்டிருந்தது. கொள்ளுப்பிட்டியில் என் அலுவலகக் கதிரையை விட்டு எழும்பும்போதெல்லாம் திரும்பி ஒருமுறை பார்த்துக்கொள்வேன். கறுப்புப் பாவாடையைத் தவிர வேறொன்றும் உடுக்கத் துணிவு வரவில்லை. அம்மா அதை உடம்புச் சூடு என்று சொல்லி வெந்தயம் ஊறவைத்துத் தந்தார். ஒருநாள் லிஃப்ட் வாசலில் தலைசுற்றி விழுந்த பிறகுதான் டொக்டரிடம் போனோம். வயிற்றை அமர்த்திப் பார்த்தவர், கட்டி ஒன்று தட்டுப்படுகிறது, உடனே ஸ்கான் எடுங்கள் என்றார். எங்கள் பெரியம்மா ஒருவர் இப்படியொரு கட்டியை வெளியில் சொல்ல வெட்கப்பட்டே செத்துப்போனவர். அதை நினைத்து நினைத்து எனக்கு நித்திரை போயிற்று. அம்மாவுக்கும் பயம்தான். ஆனால் அவருடைய பயத்தில் பாதியை ரொறன்ரோ எடுத்துக்கொண்டது.

ஸ்கானில் இரண்டு விதம் இருக்கிறது. கலியாணம் கட்டியவர்களுக்குப் பிறப்புறுப்பின் வழியாகக் கருவியை விட்டு உள்ளால் பார்ப்பார்கள். அதற்கு வயிறு முட்டத் தண்ணீர் குடிக்கத் தேவையில்லை. கட்டாதவர்களுக்கு வயிற்றின் மேலால். அதற்குச் சிறுநீர் முட்டிச் சலப்பை நிறைந்திருக்க வேண்டும். கவுண்டரில் இருந்த பெண் சிங்களத்தில் மிஸ்ஸா மிஸிஸா என்று கேட்டாள். நான் வாய் திறப்பதற்குள் அம்மா மிஸ் என்றார். உடனே தண்ணீர்ப் போத்தல் ஒன்றைக் காட்டி, குடித்துக்கொண்டே இருங்கள் என்றாள்.

குடித்தேன். ஸ்கான் எடுக்கிற டொக்டர் வரவில்லை. வேறு ஆஸ்பத்திரியில் நிற்கிறாராம், இந்தா வருகிறாராம். நான் எழும்பி நடந்தேன், இருந்தேன், காலை மாற்றிப் போட்டேன், திரும்பவும் எழும்பினேன். சுவரில் அந்தோனியார் படமும் கர்ப்பிணிகளுக்கான சத்துமா விளம்பரமும் பக்கத்தில் பக்கத்தில் தொங்கின. அந்த விளம்பரத்தை எத்தனை தரம் வாசித்திருப்பேனோ தெரியாது.

“ஆடாமல் இரு பிள்ளை. சனம் பாக்குது.”

“அம்மா, எனக்கு முட்டுது.”

“கொஞ்சம் அடக்கு. இப்ப போனா திரும்ப முதல்ல இருந்து குடிக்கோணும்.”

அடக்கு என்கிற சொல்லைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பதின்மூன்று வயதில் நான் பெரிய பிள்ளையானபோது இதே அம்மா மண்டபம் பிடித்தார், அழைப்புக் காட் அடித்தார், வீடியோக்காரரைக் கூப்பிட்டார். என் உடம்பில் இரத்தம் வந்த செய்தி, தெரிந்த மாமாமாருக்கெல்லாம் அழைப்பாகப் போனது. அவர்களும் வந்து சாப்பிட்டு, என்னோடு நின்று படம் எடுத்துவிட்டுப் போனார்கள். நானோ பாரமான சேலையில், வேர்த்து ஒழுகிக்கொண்டு, எல்லாரையும் பார்த்துச் சிரித்தேன். அதே இரத்தம் நிற்காமல் போகத் தொடங்கியதும் அது பரம இரகசியம். கொண்டாடவும் அவர்கள்தான், மூடி மறைக்கவும் அவர்கள்தான். இடையில் இந்த உடம்புக்குள் குடியிருக்கிற என்னிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

கடைசியில் டொக்டர் வந்தார். என்னைவிட இளையவர், தமிழ்ப் பெண். அம்மாவும் என் பின்னாலேயே உள்ளே வந்துவிட்டார். டொக்டர் என்னைக் கட்டிலில் படுக்கவைத்து, வயிற்றில் குளிர்ந்த களிம்பைப் பூசி, கருவியால் அழுத்தினார். அந்த அழுத்தலில் உயிர் போனது. பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தேன். அவர் திரையைப் பார்த்தார், சரித்துப் பார்த்தார், திரும்பவும் அழுத்தினார்.

“கட்டி இருக்குது. கர்ப்பப்பைக்குப் பின்னுக்கு இருக்கிறபடியா மேலால வடிவாத் தெரியேல்லை. கர்ப்பப்பையில இருந்து வந்ததோ, சூலகத்தில இருந்து வந்ததோ எண்டு சொல்லேலாமக் கிடக்கு. சூலகமெண்டால் கொஞ்சம் யோசிக்கோணும்.”

“வேற வழி இல்லையோ டொக்டர்?” என்று அம்மா கேட்டார்.

“உள்ளால பாத்தா உடன சொல்லலாம் அன்ரி. ஆனா கலியாணம் கட்டாத ஆக்களுக்கு நாங்கள் அப்பிடிச் செய்யிறேல்லை.” பிறகு என்னைப் பார்த்தார். “அன்ரி, ஒருக்கா வெளியில இருக்கிறீங்களோ?”

“ஏன்? என்னட்ட மறைக்க இவளுக்கு ஒண்டும் இல்லை” என்றார் அம்மா.

எனக்கோ மறைக்க இருந்தது. களனிப் பக்கத்துக்காரர், சிங்களவர், என்னோடு ஒரே அலுவலகத்தில் வேலை செய்தவர். சில வருடங்கள், யாருக்கும் தெரியாமல். அவருடைய வீட்டில் கலியாணப் பேச்சு எழுந்தபோது என்னை எங்கள் வீட்டில் கேட்கச் சொன்னார். நான் கேட்கவில்லை. இப்போது அம்மாவை வெளியே அனுப்பினாலும் அவருக்கு விளங்கிவிடும். பொய் சொன்னால் கட்டி என்னவென்று தெரியாமலே வீட்டுக்குப் போக வேண்டும், பெரியம்மாவைப் போல. ஆத்திரமும் பயமும் முட்டிய சலமும் ஒன்றாகச் சேர்ந்து என்னைப் பேசவைத்தன.

“நான் கலியாணம் கட்டேல்லை டொக்டர். ஆனா நீங்கள் உள்ளால செய்யலாம்.”

டொக்டர் தலையை மட்டும் ஆட்டினார். அம்மா என்னைப் பார்க்கவில்லை. தன்னுடைய கைப்பையின் வாரைப் பார்த்துக்கொண்டு நின்றார். “அப்ப முதல்ல பாத்ரூம் போயிட்டு வாங்கோ” என்றார் டொக்டர். போனேன். அப்படியொரு நிம்மதியை நான் அதற்கு முன் அனுபவித்ததில்லை. சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. திரும்பி வந்தபோது அம்மா அறையில் இல்லை.

பார்த்து முடிய அதிக நேரம் எடுக்கவில்லை. கர்ப்பப்பையில் வளர்ந்த சதைக்கட்டிதான், சூலகம் இரண்டும் நன்றாக இருக்கின்றன என்றார். ஒப்பரேஷன் செய்து எடுத்துவிட்டால் இரத்தம் போவதும் நிற்கும், பயப்பட ஒன்றுமில்லை. நான் வெளியில் வந்து அதை அம்மாவிடம் சொன்னேன். “முருகா” என்று மட்டும் சொன்னார்.

திரீவீல் ஓட்டோவில் ஏறினோம். கோட்டை போயிற்று, காலிமுகத்திடல் போயிற்று, அம்மா வாய் திறக்கவில்லை. என்னால் ஒரு நிலையில் இருக்க முடியவில்லை. ஏசினாலாவது பரவாயில்லை என்றிருந்தது. கொள்ளுப்பிட்டிச் சந்தியில் சிவப்பு விளக்குக்கு நின்றபோதுதான் கேட்டார்.

“நல்ல பெடியனோ?”

“ஓம் அம்மா.”

“பிறகேன் கொண்டுவந்து காட்டேல்லை?”

“நீங்கள் வேண்டாமெண்டு சொல்லியிருப்பீங்கள்.”

மறுப்பார் என்று நினைத்தேன். மறுத்தால் சண்டை பிடிக்கவும் ஆயத்தமாக இருந்தேன்.

“ஓம்” என்றார். “சொல்லியிருப்பன்தான்.”

விளக்கு மாறியது. பம்பலப்பிட்டி தாண்டும்வரை வீதியையே பார்த்துக்கொண்டு வந்தவர், என் பக்கம் திரும்பாமலே கேட்டார்.

“இப்ப எங்க இருக்கிறார்?”

“கலியாணம் கட்டிற்றார் அம்மா. ரெண்டு பிள்ளையள்.”