உங்க இடத்துக்குத்தான்

தரச் சோதனை ஆபீஸ் வண்டியை ஓட்டுகிற டிரைவரம்மாவிடம் யார் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும். "நாளைக்கு எந்தப் பக்கம் போறீங்க?" என்று மருந்துக்கடைக்காரர் நைசாகக் கேட்டால், "உங்க கடைக்குத்தான். பெருக்கித் துடைச்சு வைங்க" என்பாள். லேப்காரர் பெட்ரோல் பங்கில் பல்லைக் காட்டிக்கொண்டு வந்தால், "உங்க லேபுக்குத்தான் சார், வேற எங்க?" சொல்லும்போது முகத்தில் ஒரு கோடு அசையாது. கேட்டவர் அசடு வழியச் சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவார். நிஜமாகவே அங்கே போகிற நாளிலும் அதே பதில், அதே முகம். அதனால் அந்தப் பதிலை வைத்துக்கொண்டு இதுவரை யாரும் எதையும் கண்டுபிடித்ததில்லை.

ஆபீசுக்கு வாயில் நுழையாத நீளத்தில் ஒரு பெயர் உண்டு. ஆஸ்பத்திரி, மருந்துக்கடை, பல் கிளினிக் என்று மனுஷ உடம்பைத் தொட்டுத் தொழில் செய்கிற இடங்களுக்குச் சொல்லாமல் கொள்ளாமல் போய்ப் பார்த்து அரசாங்கத்துக்கு அறிக்கை எழுதுவது அதன் வேலை. அறிக்கை மோசமாக இருந்தால் கதவுக்குப் பூட்டு விழும். சொல்லாமல் போவதில்தான் சங்கதியே இருக்கிறது. மறுநாள் எங்கே என்பது முதல் நாள் சாயங்காலம் இரண்டே பேருக்குத் தெரியும்: அதிகாரியம்மாவுக்கும் அவளுக்கும்.

அதற்கு முன்னால் அவள் பள்ளிக்கூட வேன் ஓட்டினாள். பின்னால் எத்தனை பிள்ளைகள் கூச்சல் போட்டாலும் கண்ணாடியில் ஒரு பார்வை பார்த்தால் போதும், வேன் அடங்கிவிடும். இந்த வேலைக்கு நேர்முகத்துக்குப் போனபோது, "நிறையப் பேசுற பழக்கம் உண்டா?" என்று கேட்டார்கள். "தெரியலைங்க. வீட்ல மத்தவங்களே பேசி முடிச்சிடுவாங்க, எனக்கு முறை வராது" என்றாள். அன்றைக்கே வேலை கிடைத்துவிட்டது.

அந்த வாரம் அவளுக்குக் கடைவாய்ப் பல் வலி. ஒரு பக்கமாகவே மென்றுகொண்டு, சூடாகக் குடிக்கவும் முடியாமல் இருந்தாள். சாயங்காலம் ஆபீஸ் கதவைச் சாத்திவிட்டு அதிகாரியம்மா மெல்லிய குரலில் மறுநாள் போக வேண்டிய இடத்தைச் சொன்னார். பேருந்து நிலையத்துக்குப் பின்னால் இருக்கிற பல் கிளினிக்.

"மேடம், அங்க என் தம்பி வேலை பார்க்கிறான். டாக்டருக்கு உதவியா."

அதிகாரியம்மா பேனாவை மூடினார். "நல்லவேளை சொன்னீங்க. வேற டிரைவருக்கு இப்ப எங்க போறது? நீங்க வண்டியை விட்டு இறங்க வேண்டாம். தம்பிகிட்ட மூச்சு விடக்கூடாது. விஷயம் வெளிய போனா நான் உங்களைக் காப்பாத்த முடியாது."

"போகாது மேடம்."

சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்தால், வாசலில் தம்பியின் செருப்பு.

உள்ளே அவன் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தான். நிம்மதியாக இருந்தால் சாய்ந்து, காலை நீட்டி, டிவி ரிமோட்டைத் தேடுகிற ஆள்.

"என்னடா, நல்ல நாள்லயே வரமாட்டே?"

"சும்மாதான்கா. பல் எப்படி இருக்கு?"

"அது அங்கேயேதான் இருக்கு. விஷயத்தைச் சொல்லு."

சொன்னான். கருவிகளை ஆவியில் வைத்துக் கிருமி போக்குகிற ஸ்டெரிலைசர் மூன்று நாளாக வேலை செய்யவில்லை. மெக்கானிக் நாளை மறுநாள்தான் வருவானாம். அதுவரை வெந்நீரில் போட்டு எடுத்துச் சமாளி என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆட்களைத் திருப்பி அனுப்ப அவருக்கு மனசில்லை.

"அக்கா, நாளைக்கு எங்க போறீங்க? இந்த ஒரு தடவை மட்டும் சொல்லேன். எங்க பக்கம் வந்துட்டா டாக்டர் தப்பிச்சுக்குவாரு. கருவி கழுவுறவன் நான்தானே, என் தலையிலதான் விடியும். குழந்தையை இப்பதான் ஸ்கூல்ல சேர்த்திருக்கேன்."

இவனுக்குச் சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுத்தது அவள். பின்னால் பிடித்துக்கொண்டே ஓடி, பிடியை விட்டதைக் கடைசிவரை சொல்லாமல் இருந்தாள். இப்போது வேறு ஏதாவது பதில் சொன்னாலும் சரி, பேசாமல் இருந்தாலும் சரி, அதுவே காட்டிக் கொடுத்துவிடும்.

"உங்க கிளினிக்குக்குத்தான். வேற எங்க?" என்றாள். முகத்தில் ஒரு கோடு அசையவில்லை.

தம்பி தலையில் அடித்துக்கொண்டு சிரித்தான். "உன்கிட்டப் போய்க் கேட்டேன் பாரு, என்னைச் சொல்லணும்." அப்புறம்தான் நாற்காலியில் சாய்ந்தான்.

அவள் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தாள். "சரி, இந்த வலியை இனிமே தாங்க முடியாது. காலையில உங்க டாக்டர்கிட்டயே காட்டிடறேன். முதல் ஆளா என்னை உட்கார வை."

"நாளைக்கு வேணாம்கா."

"ஏன்?"

"மெஷின் ரெடியாகட்டும். நீ போயி அந்தக் கருவியை எல்லாம்..." பாதியில் நிறுத்திக்கொண்டான்.

அவள் பள்ளிக்கூட வேன் கண்ணாடியில் பார்க்கிற அந்தப் பார்வையை ஒரு தடவை பார்த்தாள், அவ்வளவுதான். ரிமோட்டைத் தேடப் போன கை திரும்பி மடியில் விழுந்தது. முன்னால் இருந்த தேநீரை ஆறவிட்டுவிட்டு எழுந்து போனான்.

மறுநாள் காலை வண்டியைக் கிளினிக் எதிரில் நிறுத்தினாள். உள்ளேயிருந்து டாக்டரின் சத்தம் தெருவரைக்கும் கேட்டது. வாசலில் தம்பி நின்றுகொண்டு, தாடை வீங்கிய பெரியவர் ஒருவரிடம், "நாளன்னைக்கு வாங்க ஐயா, மெஷின் ரிப்பேர்" என்று சொல்லிக்கொண்டிருந்தான். கண்ணாடிக் கதவு வழியே, நோயாளி உட்கார்கிற நாற்காலி துணி போர்த்திக் கிடந்தது தெரிந்தது. வண்டியைப் பார்த்ததும் தம்பியின் வாய் அப்படியே நின்றுவிட்டது.

அதிகாரியம்மா உள்ளே போன வேகத்தில் திரும்பி வந்தார். முகம் சிவந்திருந்தது.

"நாற்காலியை மூடி வச்சிருக்காங்க, நாம வர்றது முன்னாடியே தெரிஞ்சிருக்கு. நேத்து தம்பியைப் பார்த்தீங்களா?"

"வீட்டுக்கு வந்திருந்தான் மேடம். எங்க போறீங்கன்னு கேட்டான்."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"உங்க கிளினிக்குக்குத்தான்னு சொன்னேன்."

டிரைவரம்மா பார்வையைத் தாழ்த்தவில்லை. "கேக்கிற எல்லாருக்கும் அதைத்தான் சொல்லுவேன். அவனையே கேளுங்க மேடம்."

கேட்டார், அங்கேயே, நடைபாதையில் வைத்து. தம்பி அக்காவையும் அதிகாரியையும் மாறி மாறிப் பார்த்தான்.

"அக்கா சொன்னதாலதான் மேடம், நீங்க வரமாட்டீங்கன்னு நிம்மதியா இருந்தேன். தெரிஞ்சிருந்தா ஒரு மெஷினை வாடகைக்காவது பிடிச்சுக் கொண்டுவந்து வச்சிருக்க மாட்டோமா? இப்படி மூடியைக் கழட்டிப் போட்டு வச்சிருப்போமா?"

"அப்புறம் ஏன் ஆளுங்களைத் திருப்பி அனுப்பறீங்க?"

"எங்க அக்காவை உட்கார வைக்க மாட்டேன்னு நானே சொல்லிட்டேன். அப்புறம் அடுத்தவங்களை எப்படி உட்கார வைக்கிறது? ராத்திரியெல்லாம் தூக்கம் வரலை. காலையில டாக்டர்கிட்ட முடியாதுன்னுட்டேன். வேலையை விட்டுப் போன்னாரு. மெஷின் வர்ற வரைக்கும் வாசல்லயே நிக்கறேன்னேன்."

அதிகாரியம்மா டிரைவரம்மா பக்கம் திரும்பி, "வண்டியிலயே இருங்க" என்றார். குரலில் சூடு இல்லை.

அறிக்கை டாக்டரை விடவில்லை. இயந்திரம் சரியாகும் வரை கிளினிக்கை மூடச் சொன்னது, அபராதமும் போட்டது. உதவியாளர் நோயாளிகளைத் திருப்பி அனுப்பியது முறையான செயல் என்றும், திறந்தபின் கருவிகளுக்கு அவரே பொறுப்பாக இருக்க வேண்டும் என்றும் ஒரு வரி. அந்த வரியைப் படித்த பிறகு டாக்டரால் அவனை வீட்டுக்கு அனுப்ப முடியவில்லை.

தம்பி ஒரு வாரம் அக்காவோடு பேசவில்லை. "நிஜத்தைச் சொல்லியே ஏமாத்திட்டியே" என்பதுதான் அவன் மனத்தாங்கல். கிளினிக் திறந்த அன்று அவனே போன் செய்தான். "வா. முதல் ஆளா உட்கார வைக்கிறேன்."

போனாள். தம்பி அவள் கண்ணெதிரிலேயே பொட்டலத்தைப் பிரித்துக் கருவிகளைத் தட்டில் அடுக்கினான். டாக்டர் உர்ரென்றுதான் இருந்தார். பல்லைத் தட்டிப் பார்த்து, பஞ்சைத் திணித்து, கண்ணாடியையும் கொக்கியையும் வாய்க்குள் விட்டபின், குனிந்து மெதுவாகக் கேட்டார்.

"ஏம்மா, அடுத்த தடவை எப்ப வருவாங்க? சும்மா ஒரு குறிப்பு."

டிரைவரம்மா பேச முடியாத வாயோடு வலது கையைத் தூக்கினாள். ஆள்காட்டி விரலை நீட்டி, அவர் நின்றுகொண்டிருந்த தரையைக் காட்டினாள்.

தம்பி தட்டைக் கீழே போட்டுவிடாமல் இருக்க ரொம்பப் பாடுபட்டான்.