அம்மாவின் பன்னிரண்டு விநாடி

எங்கள் டப்பிங் ஸ்டுடியோவில் அவரை எல்லாரும் அம்மா என்றுதான் கூப்பிடுவோம். அவரைவிடப் பதினைந்து வயது மூத்த சவுண்ட் இன்ஜினியரும் அப்படித்தான். காரணம், குழந்தைகள் சேனலில் வரும் ஒரு கார்ட்டூன். கிறுக்குத்தனமாக எதையாவது கண்டுபிடித்துக்கொண்டே இருக்கும் ஒரு அப்பா, அவருக்கு ஒத்து ஊதும் இரண்டு பிள்ளைகள், ஒரு அம்மா. அந்த அம்மாவுக்கு ஒன்பது வருடமாக இவர்தான் குரல். எங்கோ தயாராகி வரும் படத்துக்குத் தமிழில் வசனம் எழுதுவது என் வேலை.

அம்மா வந்ததும் செருப்பையும் கைக்கடிகாரத்தையும் வெளியே கழற்றிவிட்டு, ஒரு குட்டித் தலையணையை வயிற்றோடு அணைத்துக்கொண்டு மைக் முன்னால் நிற்பார். பசி வேளையில் வயிறு முனகினால் மைக் அதையும் விடாது. இடைவேளையில் வீட்டுக்குப் போன் போவது தவறாது. வீட்டுக்காரர் மிக்ஸி, அயர்ன் பாக்ஸ் பழுதுபார்ப்பவர். ஓய்வு நாளில் நன்றாக ஓடுவதையும் சும்மா விடமாட்டார். “ஃபேன்ல எதையும் கட்டாதீங்க. நான் வந்து பாத்துக்கறேன்” என்று இவர் சொல்வதை நான் பலமுறை கேட்டிருக்கிறேன்.

ஆரம்பத்தில் அந்தக் கார்ட்டூன் அருமையாக இருந்தது. படியில் தானாக ஏறும் செருப்பை அப்பா செய்வார். “இறங்கும்போது என்ன பண்ணும்?” என்று அம்மா கேட்பாள். குடும்பமே உட்கார்ந்து யோசிக்கும். கதையே அந்த யோசனைதான்.

நாலாவது வருடத்துக்குப் பிறகு எல்லாம் தேய ஆரம்பித்தது. எந்த இயந்திரமானாலும் வெடிக்கும். அப்பா சேற்றில் விழுவார். விழும் காட்சியைப் புதிதாக வரையக்கூட அவர்களுக்கு அலுப்பு. ஒருமுறை மொட்டைமாடியில் விழுந்தார். அங்கேயும் அதே சேறு, அதே தவளை. அம்மாவின் வசனம் குறைந்து குறைந்து, கதைக்கு ஒன்று என்றானது: “ஐயோ, என்னங்க இது?”

ஒருநாள் சவுண்ட் இன்ஜினியர் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டுச் சொன்னார்: “அம்மா, கோச்சுக்கக் கூடாது. அந்த ‘ஐயோ’ எங்கிட்ட நாப்பது விதமா பதிஞ்சு கெடக்கு. அடுத்த சீசனுக்கு அதையே போட்டு ஓட்டிடலாம்னு மேல பேசிக்கறாங்க. உங்களைக் கூப்பிடவே வேணாமாம்.”

அம்மா வெந்நீரை ஒரு வாய் குடித்தார். “நாப்பதுல எது நல்லாருக்கு?”

“பதினேழாவது. கேட்டா நமக்கே மனசு வலிக்கும்.”

“அன்னிக்கு எனக்குப் பல்வலிங்க.”

சிரித்தார்கள். ஆனால் தலையணையில் அவர் விரல்கள் புதைந்திருந்ததை நான் பார்த்தேன். இந்த சீசனில் இன்னும் மூன்று கதைகள்தான் பாக்கி. ஒன்பது வருடக் குரலை ஒரு பல்வலி முடித்துவைக்கப் போகிறது.

அன்றைய கதையில், குளியலறை ஆவியைப் பிடித்து வீட்டுக்குள்ளேயே மேகம் செய்யும் இயந்திரம். என் தாளில் அம்மாவுக்கு வழக்கமான ஒரு வரி. திரையில் வேறு மாதிரி இருந்தது. இயந்திரம் உறுமும் இடத்தில், அம்மா பேசும் பழைய காட்சி ஒன்றை வெட்டி ஒட்டியிருந்தார்கள்.

“தம்பி, இங்க லிப் இருக்கே?” என்று அம்மா என்னைக் கேட்டார்.

“வாய் அசையுதும்மா. ஆனா டயலாக் இல்ல. பழசை எடுத்து ஒட்டியிருக்காங்க.”

“பன்னெண்டு செகண்ட் வாயை ஆட்டிக்கிட்டு நிக்கறா. பாவம், என்ன சொல்றான்னு யாருமே கேக்கலயா? ஒரு தடவை ரெக்கார்டிங் போடுங்க.”

சிவப்பு விளக்கு எரிந்தது.

“ஏங்க, மேகம் வீட்டுக்குள்ள பெஞ்சா அந்தத் தண்ணி எங்கங்க போகும்? கீழ்வீட்டுக்காரங்க குடை பிடிச்சுக்கிட்டுத் தூங்கணுமா? சரி, இதை நிறுத்த ஸ்விட்ச் எங்க? ஓட விடறதுக்கு மட்டும்தான் வெச்சிருப்பீங்க. உங்களை எனக்குத் தெரியாதா?”

கடைசிச் சொல்லும் திரையில் அவள் வாயும் ஒன்றாக மூடின. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர் மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு குலுங்கிச் சிரித்தார். அழிக்க யாருக்கும் மனம் வரவில்லை.

இரண்டு நாள் கழித்து சேனலிலிருந்து சரிபார்க்கும் மேடம் வந்தார். மூலத்தில் இல்லாத ஒரு ‘ம்’ இருந்தால்கூடத் திருப்பி அனுப்புகிறவர். அந்த இடத்தை இரண்டு முறை ஓட்டிப் பார்த்தார்.

“இது ஒரிஜினல்ல இல்லையே.”

“இல்லங்க” என்றார் அம்மா.

“அப்புறம் எப்படி வந்துச்சு?”

சவுண்ட் இன்ஜினியர் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன். அங்கே சேனல் கொடுத்த விதித்தாள் ஒட்டியிருந்தது. எழுந்து போய் மூன்றாவது விதியின் மேல் விரலை வைத்தேன். திரையில் வாய் அசையும் இடமெல்லாம் குரல் இருக்க வேண்டும்.

“இதுக்காக நீங்களே அஞ்சு தடவை திருப்பி அனுப்பியிருக்கீங்க மேடம்” என்று சவுண்ட் இன்ஜினியர் பிடித்துக்கொண்டார்.

மேடம் எழுந்து போய், தானே எழுதிய விதியைப் புதிதாகப் படிப்பதுபோல் படித்தார். திரும்பி வந்து உட்கார்ந்தார். பேனா மூடியைத் திறந்தார்.

“அதிருக்கட்டும். தண்ணி எங்கதான் போகும்?”

“அதைத்தாங்க நானும் கேக்கறேன்.”

மேடத்தின் முகத்தில் சிரிப்பை அன்றுதான் பார்த்தோம். கையெழுத்துப் போட்டார். அதோடு நிற்காமல், மற்ற கதைகளையும் ஓட்டிப் பார்த்து அறிக்கையில் ஒரு வரி எழுதினார்: ‘அம்மா பாத்திரத்தின் வாய் அசைவு பல இடங்களில் காலியாக உள்ளது. நிரப்பவும்.’

வெட்டி ஒட்டும் வேலை அடுத்த சீசனில் இன்னும் கூடியிருந்தது. அதனால் அம்மாவின் வாய் எங்கு பார்த்தாலும் அசைந்தது. நாற்பது ‘ஐயோ’வை வைத்துக்கொண்டு அதை எப்படி நிரப்புவது? இருபத்தாறு கதைக்கும் அம்மாவை வரச் சொல்லி ஆள் விட்டார்கள்.

படம் ஒன்றும் தேறிவிடவில்லை. சேறும் தவளையும் அப்படியேதான் இருக்கின்றன. ஆனால் அப்பா விழுவதற்கு முன்னால் இப்போது யாரோ ஒருத்தி நியாயமாக ஒரு கேள்வி கேட்கிறாள்.

நேற்று இடைவேளையில் அம்மா போனில் இருந்தார். “அயர்ன் பாக்ஸ் தானா நகருதா? சரி. சட்டை முடிஞ்சிடுச்சுன்னு அதுக்கு யார் சொல்லுவா?”

சொல்லிக்கொண்டே என் பக்கம் திரும்பி, எழுதிக்கொள் என்று கையால் காட்டினார். எழுதிக்கொண்டேன்.