வேனின் முன் சீட்டு

மீஞ்சூர்ப் பக்கம் ஒரு கம்பெனியில் எனக்கு பேக்கிங் வேலை கிடைத்தபோது, என்னைவிட என் வீட்டுக்காரர்தான் சந்தோஷப்பட்டார். அவர் கடலுக்குப் போகிறவர். காற்று சரியில்லாத நாட்களில் வீட்டில் இருப்பார். அப்படி ஒரு சாயங்காலம், கம்பெனி வேனில் டிரைவருக்குப் பக்கத்துச் சீட்டிலிருந்து நான் இறங்குவதைப் பார்த்துவிட்டார்.

அதற்கு முன்பு எங்கள் ஊர் உப்பேரியில் இடுப்பளவு தண்ணீரில் நின்று, நாளெல்லாம் கையாலேயே இறால் தடவிப் பிடித்தவள் நான். ஆனால் வேனின் பின்சீட்டில் உட்கார்ந்தால், வழியில் இருக்கும் திருப்பாலைவனம் ஊரைத் தாண்டுவதற்குள் குமட்டிக்கொண்டு வரும். கூட வரும் பெண்கள்தான் என்னை முன்னால் உட்காரச் சொன்னார்கள்.

அவர் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. பேச்சைக் குறைத்துக்கொண்டார். நான் குளிக்கப் போனால் என் போனை எடுத்துப் பார்த்தார். வலையில் மீன் படாத கவலை என்று நினைத்தேன். பிறகு கூட வேலை செய்யும் பெண் ஒருத்தி சொன்னாள்:

"அக்கா, உன் வூட்டுக்காரரு எங்க வூட்டாண்ட வந்தாரு. எங்க மாமியாரும் இருந்தாங்க. அந்த டிரைவரு எப்படிப்பட்டவன், இவ அவன்கூட இன்னா பேசிக்கினு வரான்னு கேட்டாரு."

அன்றைக்கே அவரிடம் கேட்டேன். "சந்தேகம்னா என்னாண்ட கேக்குறது. ஊராண்ட இன்னாத்துக்குக் கேட்ட?"

"உன்னாண்ட கேட்டா உண்மையச் சொல்லுவியா?"

அந்த வார்த்தைக்குப் பிறகு அங்கே இருக்க முடியவில்லை. மகளைக் கூட்டிக்கொண்டு பக்கத்துக் குப்பத்தில் நைனா இருக்கும் என் பிறந்த வீட்டுக்குப் போய்விட்டேன். அங்கிருந்தே வேலைக்கும் போனேன், அதே முன் சீட்டில்.

சில நாள் கழித்து அவர் வந்தார். "பின்னாடி குந்துனா உனக்கு வாந்தி வருதுன்னு அந்தப் பொண்ணு சொல்லிச்சு. தப்பு என்னுதுதான். வா, போலாம்."

"என்னாண்ட சொன்னா போதுமா? யாராண்ட கேட்டியோ அவங்களாண்ட போய்ச் சொல்லு."

நைனா எங்கள் இருவரையும் பார்த்தார். வீட்டுக்காரர் முகம் கறுத்துப்போய் எழுந்து போனார். சொல்ல மாட்டார் என்றே நினைத்தேன்.

மறுநாள் காலை வேன் நிற்கும் இடத்தில் அவர் நின்றிருந்தார். பெண்கள் எல்லோரும் இருந்தார்கள்.

"நான்தான் தப்பா நெனச்சிட்டேன். இவளப் பத்தி யாரும் ஒண்ணும் பேசிக்காதீங்க" என்றார். டிரைவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார், தலை நிமிரவில்லை.

என் கோபம் முழுதாகப் போகவில்லை. ஆனாலும் சாயங்காலம் மகளோடு எங்கள் வீட்டுக்குத் திரும்பினேன். இப்போது மனதில் ஏதாவது உறுத்தினால் என்னிடமே நேராகக் கேட்கிறார். சில கேள்விகளுக்கு எரிச்சல் வரும். இருந்தாலும் பதில் சொல்லிவிடுகிறேன்.