வாயில் வராத கொழுக்கட்டை

கொழுக்கட்டை என்று எழுதச் சொன்னால் பிழையில்லாமல் எழுதிவிடுவேன். சொல்லச் சொன்னால் கொளுக்கட்டை என்றுதான் வரும். மூன்றாம் வகுப்பில் வாழைப்பழத்தை வாளப்பளம் என்று வாசித்ததற்காக டீச்சர் என்னைப் பெஞ்சு மேல் ஏற்றி நிறுத்தினார். வகுப்பே சிரித்தது. அன்றிலிருந்து கூட்டத்தோடு பாட வேண்டி வந்தால் உதட்டை மட்டும் அசைப்பேன். கோயில் பஜனையிலும் அப்படித்தான். பக்கத்தில் நிற்பவர்களுக்கு இன்றுவரை தெரியாது.

கோட்டையூரில் எங்கள் தெருக்கோடிப் பெரிய வீட்டில் படம் எடுக்க வந்தார்கள். இரண்டு வெளிநாடுகளும் நம் நாடும் சேர்ந்து எடுக்கும் படமாம். கதை நம் கதைதான். மாமியார் வீட்டில் முதல்முறையாகக் கொழுக்கட்டை தின்ற மருமகன், பேர் மறக்காமலிருக்க அதையே சொல்லிக்கொண்டு ஊருக்கு நடக்கிறான். வழியில் வாய்க்காலைத் தாண்டும்போது ‘அத்திரிபாச்சா’ என்று சொல்லிவிட, அதுவே வாயில் ஒட்டிக்கொள்கிறது. வீட்டுக்கு வந்து அத்திரிபாச்சா செய் என்கிறான். பெண்டாட்டி முழிக்கிறாள். அடித்துவிடுகிறான். பக்கத்து வீட்டுக்காரி ஓடிவந்து, நெற்றி கொழுக்கட்டை மாதிரி வீங்கிப்போச்சே என்கிறாள். அவனுக்குப் பேர் ஞாபகம் வந்துவிடுகிறது.

கொழுக்கட்டை அவிக்கத்தான் என்னைக் கூப்பிட்டார்கள். அடுப்படியில் என் முகத்தைப் பார்த்த டைரக்டர், பக்கத்து வீட்டுக்காரி இவர்தான் என்று சொல்லிவிட்டார். மாட்டேன் என்று சொல்லவும் எனக்குக் கூச்சம்.

பெண்டாட்டியை அடிக்கக் கூடாது என்று ஒரு நாடு சொன்னது. வீங்காமல் கதை எப்படி முடியும் என்று இன்னொரு நாடு கேட்டது. இரண்டு நாள் போனிலேயே பேசி, மருமகன் தானாக வாசல் நிலையில் முட்டிக்கொள்வது என்று முடிவானது. அந்த வீட்டு நிலைகளிலோ யானையே நுழையலாம். தெர்மாகோலில் குட்டையாக ஒன்று செய்து வைத்தார்கள்.

மருமகனாக நடித்தவர் வெள்ளைக்காரர். ழகரத்துக்காகவே ஆறு மாதம் வாத்தியார் வைத்துப் படித்தாராம். அவர் வாயில் கொழுக்கட்டை நெய் தடவினது போல வழுக்கியது. எங்களுக்கு உச்சரிப்புச் சொல்லித்தரச் சென்னையிலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள்.

“நாக்கை மடிங்க பாட்டி. அவரே எவ்வளவு அழகாச் சொல்றார் பாருங்க.”

“அவுக படிச்சவுக. எனக்கு மடங்க மாட்டேங்குதும்மா.”

ஏழு தடவை எடுத்தார்கள். ஏழு தடவையும் கொளுக்கட்டைதான். எட்டாவதற்கு முன் அவள் வந்து, உதட்டை மட்டும் அசையுங்கள், சென்னையில் வேறு ஆள் குரல் கொடுத்துவிடுவாள் என்றாள். தலையாட்டினேன். அறுபது வருஷமாகச் செய்கிற வேலைதானே. ஆனால் அன்று மனசு ஒப்பவில்லை. இத்தனை ஊர் பார்க்கப்போகிற படத்திலும் ஊமையாகத்தான் நிற்கப்போகிறேன்.

மருமகன் முட்டினார். தெர்மாகோல் நிலை ஆடியது. முட்டுவதற்கு முன்பே நெற்றியில் ஒட்டியிருந்த மெழுகு வீக்கத்தோடு என்னைப் பார்த்தார். நான் உதட்டை அசைத்தேன். அடுத்து அவர் கொழுக்கட்டை என்று சொல்ல வேண்டும். மறுபடி அசைத்தேன். முழித்தார். நடிப்பில்லை, சத்தியமாகவே பேர் மறந்துவிட்டது அவருக்கு. மெல்லக் குனிந்து, “அத்திரிபாச்சா?” என்று என்னிடமே கேட்டார்.

பாவமாக இருந்தது.

“கொளுக்கட்டை மாதிரி வீங்கிப்போச்சே மாப்பிள்ளை” என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன்.

“கொளுக்கட்டை” என்றார் அவர். அச்சு அசல் என் ளகரம்.

டைரக்டர் கைதட்டினார். சென்னைப் பெண் மட்டும், இரண்டு பேரும் சொன்னது தப்பு என்று நின்றாள். என்ன தப்பு என்று கேட்டார்கள். ழ, ள என்று சொல்லிக் காட்டினாள். இரண்டு நாட்டுக்காரர்களும் காதைக் கொடுத்துக் கேட்டார்கள். இன்னொரு தடவை சொல்லச் சொன்னார்கள். ஒரு வித்தியாசமும் இல்லை என்றார்கள். அவர்கள் உடனே ஒத்துப்போனது அந்த ஒரு விஷயத்தில்தான். என் குரலே இருந்துவிட்டது.

படம் வந்ததும் மருமகள் போனில் காட்டினாள். நான் பேசும்போது கீழே இங்கிலீஷ் எழுத்து ஓடியது. அதில் எப்படிப் போட்டிருக்கிறது, ழவா ளவா என்று பயந்துகொண்டே கேட்டேன்.

“மாவு உருண்டைன்னு போட்டிருக்கான் அத்தை.”