எல்கடுவ பஸ்ஸில் எனக்குக் கிடைத்த சீட்

இன்று மாத்தளையில் என் கணவருக்குக் கருத்தடை ஒப்பரேஷன் நடந்தது. இரண்டு பிள்ளைகள் போதும் என்று இருவரும் பேசி எடுத்த முடிவு. மாமியாருக்கு மட்டும் சொல்லவில்லை.

திரும்பி வரும்போது எல்கடுவ பஸ்ஸில் நிற்கவே இடமில்லை. எங்கள் தோட்டத்து லயத்தில் பக்கத்து வீட்டுச் செல்வி அக்கா முன்சீட்டில் இருந்தார். என் கையிலிருந்த மருந்துப் பையைப் பார்த்துவிட்டார்.

"மிட்வைஃப் வந்து போனப்பவே நெனச்சேன். ஒப்பரேஷன் முடிஞ்சிருச்சா? வா புள்ள, ஒக்காரு."

எழுந்து என்னை உட்கார வைத்தே விட்டார்.

என் கணவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஒவ்வொரு வளைவிலும் முகம் சுருங்கியது. தையல் பிரிந்துவிடுமோ என்று எனக்குப் பயம். உண்மையைச் சொன்னால் பஸ்ஸுக்கு முன்னால் செய்தி மாமியாரிடம் போய்விடுமே என்று அதைவிடப் பயம்.

"தம்பி, கொஞ்ச நாளைக்கு அவள பாரம் தூக்க விடாத" என்றார் அக்கா.

"சரிக்கா" என்றார் அவர், பல்லைக் கடித்துக்கொண்டு.

அடுத்த வளைவில் நான் எழுந்துவிட்டேன்.

"அக்கா, ஒப்பரேஷன் எனக்கில்ல. இவருக்கு."

பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. அவர் மெதுவாக உட்கார்ந்தார். அக்கா உடனே போனை எடுத்தார்.

பஸ்ஸுக்கே தெரிந்துவிட்டது, உங்களுக்கும் தெரியட்டும். நாங்கள் இன்னும் வீட்டுக்குப் போகவில்லை. சந்திக் கடையில் பிளேன்டீ குடித்துக்கொண்டே இருக்கிறோம். மாமியாரிடமிருந்து போன் வந்துகொண்டே இருக்கிறது.

யார் எடுப்பது, நீங்களே சொல்லுங்கள். ஒப்பரேஷன் செய்துகொண்டவரா, அதைப் பஸ் முழுக்கச் சொன்னவளா?